திருகோணமலையில் ஒரு நிதி சேகரிப்பு நேரலை: பிரபலங்களை அழைக்குமுன் செய்யவேண்டியவை

பாட்டும் நகைச்சுவையுமாக மணிக்கணக்கில் நிகழ்ச்சி போகும், திரையின் அடியில் தொலைபேசி இலக்கம் ஓடும், மூலையில் சேர்ந்த தொகை ஏறிக்கொண்டே இருக்கும். டெலித்தோன் என்று உலகம் முழுக்க நடக்கிற இந்த நிதி சேகரிப்பு மாரத்தனை நம்மூரிலும் நடத்தினால் என்ன என்று பழைய மாணவர் சங்கத்திலோ விளையாட்டுக் கழகத்திலோ யாராவது கேட்காத வருடம் இல்லை. கேட்பவர் உங்கள் சங்கத்தில் இருந்தால் இந்தக் கட்டுரை உங்களுக்குத்தான். எந்தக் கடிதம் எந்த மேசைக்குப் போகவேண்டும் என்று சொல்ல ஆளில்லாமல் நாங்கள் அலைந்தோம். அந்த அலைச்சல் உங்களுக்கு வேண்டாம்.

கலைஞர்களைப் பிடிப்பதுதான் பெரிய வேலை என்று எல்லோரும் நினைப்பார்கள். கலைஞர்கள் கிடைப்பார்கள். "தம்பி, என்ர பேரில பத்தாயிரம் போடுங்கோ" என்று தொலைபேசியில் சொன்னவரின் பத்தாயிரம் வங்கிக்கு வந்து சேர்வதுதான் பெரிய வேலை. கீழே உள்ள படிகளில் பாதிக்கு மேல் அதற்காகவே.

1. காசு எதற்கு என்பதை எழுத்தில் வாங்குங்கள்

"சிறுநீரக நோயாளருக்கு உதவி" என்பது நல்ல எண்ணம், ஆனால் திரையில் போடும் நோக்கமாக அது போதாது. எங்கள் மாவட்டத்தில் பதவி சிறிபுரப் பக்கம் சிறுநீரக நோய் எவ்வளவு பேரை வாட்டுகிறது என்பது எல்லோருக்கும் தெரியும். ஆனாலும் பார்ப்பவர் கேட்பது வேறு: என்ன வாங்கப் போகிறீர்கள், எந்த ஆஸ்பத்திரிக்கு, என்ன விலை?

ஆகவே முதல் கடிதம் வைத்தியசாலைப் பணிப்பாளருக்குப் போகட்டும். தேவையான கருவி எது, என்ன தரக்குறிப்பு, வைக்க இடமும் மின் இணைப்பும் உண்டா, இயக்க ஆள் உண்டா, பழுது பார்ப்பது யார் பொறுப்பு என்று கேட்டுப் பதிலை எழுத்தில் வாங்குங்கள். இரத்தச் சுத்திகரிப்புக் கருவி என்றால் கருவியின் விலை ஒருபுறம், ஒவ்வொரு தடவையும் பாவிக்கும் வடிகட்டி, குழாய், தூய நீர் ஏற்பாடு மறுபுறம். அரச வைத்தியசாலைக்குக் கருவி கொடுப்பதற்குச் சுகாதார அமைச்சின் ஒப்புதலும் தேவைப்படும். பணத்தைச் சேர்த்துக் கருவியையும் வாங்கிய பிறகு, "இந்த மாதிரி எங்களுக்கு வேண்டாம்" என்று பதில் வந்தால் உங்களிடம் பெட்டிதான் இருக்கும்.

இந்தப் பதிலுக்கு இரண்டு மாதம் ஒதுக்குங்கள். அதுவரை போஸ்டர் அடிக்க வேண்டாம்.

2. சங்கத்தின் பதிவும் வங்கிக் கணக்கும்

பொதுமக்களிடம் பணம் கேட்கிற சங்கம் பதிவு செய்யப்பட்டதாக இருக்க வேண்டும். 1980ஆம் ஆண்டின் 31ஆம் இலக்கத் தன்னார்வ சமூக சேவை அமைப்புகள் சட்டத்தின்கீழ், ஒரு பிரதேசத்துக்குள் இயங்கும் அமைப்பு பிரதேச செயலகத்திலும், மாவட்டம் முழுக்க இயங்கும் அமைப்பு கச்சேரியிலும் (மாவட்டச் செயலகம்) பதிவு செய்துகொள்ளலாம். நகரத்துக்குள் இருப்பவர்களுக்குப் பட்டினமும் சூழலும் பிரதேச செயலகம். கொண்டுபோக வேண்டியவை: யாப்பு (சங்கத்தின் விதிக்கோவை), உத்தியோகத்தர் பட்டியல், அடையாள அட்டைப் பிரதிகள், பதிவு செய்யத் தீர்மானித்த கூட்டத்தின் அறிக்கை, ஆண்டுத் திட்டமும் வரவு செலவும், கிராம உத்தியோகத்தரின் பரிந்துரை. எல்லாவற்றிலும் இரண்டு பிரதி கூடுதலாக எடுத்து வையுங்கள். ஓர் அலுவலகத்தில் மூலப்பிரதியை வாங்கி வைத்துக்கொண்டு, அது எங்கே என்று பிறகு எங்களிடமே கேட்டார்கள்.

கொஞ்ச நாளுக்கு மட்டும் நடக்கும் வேலைக்காகப் புதுச் சங்கம் தொடங்காதீர்கள். ஏற்கெனவே பதிவும் கணக்காய்வும் உள்ள பழைய சங்கம் ஒன்றோடு கைகோப்பது எவ்வளவோ மேல். மாதக்கணக்கில் நேரம் மிச்சம்.

வங்கிக் கணக்கு இந்த நிகழ்ச்சிக்கென்றே தனியாக இருக்கட்டும். சங்கத்தின் வழமையான கணக்கில் கலந்தால் பிறகு பிரித்துக் காட்ட முடியாது. பதிவுச் சான்றிதழ், யாப்பு, கணக்குத் திறக்கும் தீர்மானம், கையெழுத்திடுவோர் விவரம் ஆகியவற்றை வங்கி கேட்கும். குறைந்தது மூவர் பெயர் கொடுத்து, எந்த இருவரும் சேர்ந்து கையெழுத்திடலாம் என்று வையுங்கள். ஒருவர் கொழும்புக்குப் போய்விட்டால் காசோலை நிற்காது. தலைவரின் சொந்தக் கணக்கு இலக்கத்தைத் "தற்காலிகமாக" போடலாம் என்று யாராவது சொன்னால் அந்த இடத்திலேயே மறுத்துவிடுங்கள். 10 இலட்சம் ரூபாவும் அதற்கு மேலும் வரும் காசு, மின்னணுக் கொடுக்கல் வாங்கல்களை வங்கிகள் மத்திய வங்கியின் நிதி உளவறிதல் பிரிவுக்கு அறிவிக்க வேண்டும். தனி ஆளின் கணக்கில் திடீரென்று பெருந்தொகை ஏறினால் கேள்வி வரும். அவர் நல்ல மனிதர் என்பது பதிலாகாது.

கணக்கு கையில் வந்ததும் பணம் செலுத்தும் லங்கா கியூஆர் குறியையும் அதே வங்கியிலேயே கேளுங்கள். அது வர நாளெடுக்கும். குறி திரையின் மூலையில் முழு நேரமும் நிற்கவேண்டும், கைப்பேசியால் எட்டடி தூரத்திலிருந்து பிடிக்கக்கூடிய அளவில்.

சிலி நாட்டில் 1978 முதல் நடக்கும் டெலித்தோனில் பணம் போடும் கணக்கு இலக்கம் 24500-03. அங்கே பலருக்கு அது மனப்பாடம். நமது வங்கி இலக்கங்கள் அவ்வளவு குட்டையாகக் கிடைக்காது. ஆனாலும் ஒரே வங்கி, ஒரே கணக்கு என்று நில்லுங்கள். நாலு வங்கி இலக்கம் திரையில் ஓடினால் பார்ப்பவர் எதையும் எழுதிக்கொள்ளமாட்டார்.

3. திகதியும் நேரமும்

இதில்தான் அதிகம் யோசிக்க வேண்டும். வெளிநாட்டு மாரத்தன்களைப் பார்த்து 24 மணிநேரம் என்று ஆசைப்படாதீர்கள். முதல் தடவைக்கு 11 மணிநேரம் போதும், அதற்குக் காரணங்கள் உண்டு.

முதலாவது, ஒலிபெருக்கி. பொலிஸ் அனுமதிப்பத்திரம் இல்லாமல் அதைப் போட முடியாது. இரவு 10 மணி முதல் காலை 6 மணிவரை அனுமதி கொடுக்கக் கூடாது என்பது 2007இல் உச்ச நீதிமன்றம் போட்ட உத்தரவின் அடிப்படை. விசேட நிகழ்ச்சிகளுக்கு விலக்குக் கிடைத்ததுண்டு, ஆனால் அதை நம்பித் திட்டம் போட்டால் கடைசி நேரத்தில் மேடையை நிறுத்தவேண்டி வரும்.

இரண்டாவது, நமக்கு அதிகம் கொடுக்கப்போகிறவர்கள் இருக்கும் ஊர்களின் நேரம். ஏப்ரல் முதல் செப்டெம்பர் வரையான மாதங்களில் லண்டன் நமக்கு நாலரை மணிநேரம் பின்னால், டொரண்டோ ஒன்பதரை மணிநேரம் பின்னால், சிட்னி நாலரை மணிநேரம் முன்னால். இங்கே இரவு 10 மணி ஆகும்போது லண்டனில் மாலை 5.30, டொரண்டோவில் பகல் 12.30. அதாவது நம் மைதானத்தில் சத்தம் நிற்கவேண்டிய அதே நேரத்தில்தான் அங்கே சனிக்கிழமை சமைத்துச் சாப்பிட்டுவிட்டுச் சனம் டிவி முன்னால் உட்கார்கிறது.

மூன்றாவது, இணையம். யூடியூபில் 12 மணிநேரத்துக்குள் முடியும் நேரலைதான் தானாகவே பதிவாகிச் சேமிக்கப்படும். பேஸ்புக்கில் ஒரு நேரலை 8 மணிநேரத்தைத் தாண்ட முடியாது.

மூன்றையும் சேர்த்தால் கணக்கு இப்படி வரும். சனிக்கிழமை பின்னேரம் 3 மணிக்குத் தொடங்குங்கள். அப்போது சிட்னியில் இரவு 7.30. இரவு 10 மணிவரை திறந்த மேடை. பத்துக்கு மைதானத்தை மூடி, கதவடைத்த மண்டபம் ஒன்றுக்குள் சின்ன அரங்கு. அங்கே கதை, பேட்டி, கிட்டாரும் வயலினும் வைத்து மெல்லிய பாட்டு, தொலைபேசி மேசை. அதிகாலை 2 மணிக்கு முடிவு. அப்போது லண்டனில் இரவு 9.30, டொரண்டோவில் பின்னேரம் 4.30. பேஸ்புக் நேரலையையும் அதே பத்து மணி மாற்றத்தில் நிறுத்திப் புதிதாகத் தொடங்கிவிடலாம். எங்கள் அனுபவத்தில் அந்த மண்டப நேரம்தான் அதிகம் ரசிக்கப்பட்டது. ஆட்டம் பாட்டம் குறைந்து ஆட்கள் பேசத் தொடங்கும் நேரம் அது.

மாதம்? ஒக்டோபர் முதல் ஜனவரி வரை வாடைக்காற்று மழை, வேண்டவே வேண்டாம். பங்குனியில் கோணேசர் கோயில் திருவிழா, ஊரில் ஒரு ஆளும் கிடைக்காது. மே முதல் செப்டெம்பர் வரை வானம் தெளிவு, ஆனால் நிலாவெளி, உப்புவெளி விடுதிகளுக்கு அதுதான் சீசன், அறை விலை ஏறியிருக்கும். கலைஞர்களுக்கு அறை வேண்டும் என்றால் மூன்று மாதம் முன்பே பிடியுங்கள். நோன்பு மாதத்தைத் தவிருங்கள். முஸ்லிம்கள் அதிகம் வாழும் கிண்ணியாவும் மூதூரும் இல்லாமல் இந்த மாவட்டத்தில் நிதி சேகரிப்பு கிடையாது. போயா (பௌர்ணமி) நாளையும், சாதாரண தர, உயர்தரப் பரீட்சைத் திகதிகளையும் பார்த்துக்கொள்ளுங்கள். மாதத்தின் கடைசிச் சனிக்கிழமை நல்லது, அரசாங்கச் சம்பளம் கைக்கு வந்திருக்கும்.

4. இடமும் அனுமதிகளும்

மெக்கெய்சர் மைதானம் என்றால் உரிய அலுவலகத்துக்கு ஆறு மாதம் முன்பே கடிதம் கொடுங்கள். பாடசாலை மைதானமோ மண்டபமோ என்றால் அதிபரின் சம்மதம் மட்டும் போதாது, வலயக் கல்வி அலுவலகத்தின் அனுமதியும் வேண்டும். மேடை இடமும் இரவு மண்டபமும் நடந்து போகிற தூரத்தில் இருக்கட்டும். கேபிளையும் ஆட்களையும் இடம் மாற்ற உங்களுக்குக் கிடைப்பது பத்து நிமிடம். அந்தப் பத்து நிமிடத்துக்கு முன்பே பதிவு செய்த காணொளி ஒன்றைத் தயாராக வையுங்கள்.

பொலிஸ் நிலையப் பொறுப்பதிகாரிக்கு ஒரே கடிதத்தில் எல்லாவற்றையும் எழுதாதீர்கள். ஒலிபெருக்கிக்கு ஒன்று, போக்குவரத்துக்கும் பாதுகாப்புக்கும் ஒன்று. இரண்டிலும் மைதான உரிமையாளரின் அனுமதிக் கடிதத்தை இணையுங்கள், இல்லாவிட்டால் திருப்பி அனுப்புவார்கள். நுழைவுச்சீட்டு விற்பதானால் உள்ளூராட்சி சபைக்குக் களியாட்ட வரி உண்டு. வருமானம் தருமத்துக்கு என்று காட்டி விலக்குக் கேட்டு முன்கூட்டியே எழுதுங்கள். சீட்டை அடித்த பிறகு கேட்டுப் பயனில்லை.

உண்டியலோடு கடைத்தெருவில் இறங்குவதற்குத் தனி அனுமதி. அதிர்ஷ்டச்சீட்டுக் குலுக்கலுக்கும் அப்படியே. "சும்மா ஒரு ராஃபிள்" என்று டிக்கெட் அடித்துவிடாதீர்கள், அது லொத்தர் சட்டத்துக்குள் வரும். ஏலம் விடுவது சுலபம். கையெழுத்திட்ட கிரிக்கெட் மட்டை, ஓவியம், பட்டுச் சேலை போதும்.

ட்ரோன் காட்சி வேண்டும் என்று காணொளிப் பையன்கள் கட்டாயம் கேட்பார்கள். திருகோணமலையில் அது விளையாட்டான விஷயம் இல்லை. ஒரு பக்கம் கடற்படைத் தளம், ஒரு பக்கம் சீனக்குடா விமானப்படைத் தளம், கோணேசர் மலைக்குப் போகும் வழியில் கோட்டைக்குள் இராணுவம். சிவில் விமானப் போக்குவரத்து அதிகாரசபையின் பதிவும் அனுமதியும், பாதுகாப்புத் தரப்பின் சம்மதமும் இல்லாமல் பறக்கவிட்டால் இயந்திரம் போகும், ஆளும் போகலாம். கோட்டைக்குள் தரையில் நின்று எடுப்பதற்கும் கேட்டுக்கொண்டே எடுங்கள்.

சனக்கூட்டம் பற்றி ஒரு எச்சரிக்கை. 2024 பெப்ரவரியில் யாழ்ப்பாணம் முற்றவெளியில் தென்னிந்தியப் பிரபலங்கள் வந்த இசை நிகழ்ச்சியில் சனம் தடுப்புகளைத் தள்ளிக்கொண்டு முன்னேறி, நிகழ்ச்சி இடையில் நின்றதைப் பார்த்தோம். கட்டணப் பகுதி, இலவசப் பகுதி என்று பிரித்து நடுவில் மெல்லிய வேலி போடுவது வினையை விலைக்கு வாங்குவது. நிதி சேகரிப்பு நேரலைக்கு மைதானம் நிறையத் தேவையில்லை, திரை நிறைந்தால் போதும். இருக்கைக்கு ஒரு அனுமதிச்சீட்டு, அதற்கு மேல் உள்ளே விடாதீர்கள். செஞ்சிலுவைச் சங்கத் தொண்டர்களை முதலுதவிக்குக் கேளுங்கள். ஆஸ்பத்திரிக்கும் 1990 அம்புலன்ஸ் சேவைக்கும் திகதியை அறிவித்து வையுங்கள்.

மான்களையும் மறக்க வேண்டாம். இரவில் ஊருக்குள் உலாத்தும் மான்களுக்கு வாழையும் தோரணமும் பிடிக்கும். அலங்காரத்துக்கு ஒரு காவலாளி.

5. தொலைக்காட்சியுடன் பேசுவது

சக்தி, வசந்தம், நேத்ரா, யாழ்ப்பாணத்து டான் என்று எங்கே போனாலும் முதல் கேள்வி "எத்தனை மணிநேரம்?" என்பதுதான். 11 மணிநேரமும் வேண்டும் என்று கேட்டால் விலையைக் கேட்டே திரும்பிவிடுவீர்கள். தொடக்கத்தில் அரைமணி, இரவு எட்டு முதல் பத்து வரை நேரலை, இடையில் செய்திகளின்போது சேர்ந்த தொகை பற்றி ஒரு நிமிடம் என்று கேளுங்கள். முழு நிகழ்ச்சி யூடியூபிலும் பேஸ்புக்கிலும் போகட்டும். மாலை 7 முதல் 10 வரைதான் விலை கூடிய நேரம், அதில் ஒரு மணிநேரம் கிடைத்தாலே பெரிது.

ஒப்பந்தத்தில் இருக்கவேண்டியவை: ஒளிபரப்பு நேரம் இலவசமா, கட்டணமா, அனுசரணையாளரைப் பிடித்துத் தந்தால் தரகுக் கழிவு உண்டா, இடையில் வரும் விளம்பரக் காசு யாருக்கு, ஓபி வேன் (வெளிக்கள ஒளிபரப்பு வாகனம்), கமெராக்கள், ஆட்கள், அவர்களின் சாப்பாடு, தங்குமிடம் யார் செலவு, கணக்கு இலக்கம் ஓடும் எழுத்துப்பட்டி எத்தனை நிமிடத்துக்கு ஒருமுறை, திடீர்ச் செய்தி வந்து நேரம் வெட்டுப்பட்டால் ஈடு என்ன, பதிவின் பிரதி உங்களுக்குக் கிடைக்குமா. கொழும்பிலிருந்து இங்கே சுமார் 260 கிலோமீட்டர், ஆகவே ஓபி வேன் வந்தால் குறைந்தது இரண்டு இரவு தங்கும் செலவு. வாய்ச்சொல்லாக "அதெல்லாம் பார்த்துச் செய்யலாம்" என்று சொன்ன எதையும் செலவுப் பட்டியலில் சேருங்கள்.

6. கலைஞர்கள்

"நான் இலவசமாகவே வாறன்" என்று ஒரு பாடகர் சொன்னால் மனதார நன்றி சொல்லிவிட்டு, "எத்தனை பேர் வருகிறீர்கள்?" என்று கேளுங்கள். அவர் இலவசம், ஆனால் கூட வரும் இசைக்குழு, ஒப்பனையாளர், முகாமையாளர், சாரதி இலவசமாக இருக்கமாட்டார்கள். ஆட்கள் எத்தனை, அறைகள் எத்தனை, எந்த வாகனம், எந்த நேரத்தில் மேடை, எத்தனை பாட்டு, தொலைபேசி மேசையில் எவ்வளவு நேரம் உட்காருவார் என்பவை ஒரு பக்கக் கடிதத்தில் கையெழுத்தாக வேண்டும். கடைசி விஷயம்தான் முக்கியம். பிரபலம் பாடும்போது சனம் பார்க்கும். அதே பிரபலம் தொலைபேசியை எடுத்து "வணக்கம், யார் பேசுறீங்க?" என்று கேட்கும்போதுதான் மற்றத் தொலைபேசிகளும் அடிக்கும்.

சென்னையிலிருந்து யாரையாவது அழைத்தால் சுற்றுலா விசாவில் வரவழைத்து மேடையேற்றாதீர்கள். இலத்திரனியல் பயண அனுமதியில் வணிக நோக்கம் என்ற பிரிவில்தான் இசை, நடனம், கலை நிகழ்வுகளில் பங்கேற்பது அடங்கும். அழைப்புக் கடிதம் சங்கத்தின் பெயரில் போகவேண்டும். அவருக்குக் கட்டணம் கொடுத்தால், இலங்கையில் வதியாதவருக்கான 14 சதவீத நிறுத்திவைப்பு வரியை யார் பொறுப்பது என்று முதலே பேசுங்கள். வெளியிலிருந்து வருபவருக்கு முற்பணத்துக்கு மேல் கொடுக்காதீர்கள், மிச்சம் மேடையிலிருந்து இறங்கியபின்.

வர முடியாதவர்களிடம் ஒரு நிமிடக் காணொளி கேளுங்கள், கைப்பேசியைப் படுக்கையாகப் பிடித்து எடுக்கச் சொல்லி. செலவே இல்லாத நட்சத்திரம் அது. நம்மூர் ஆட்களை ஓரத்தில் வைக்காதீர்கள். வில்லுப்பாட்டு, கூத்து, பாடசாலை வாத்தியக்குழு, கிண்ணியாப் பக்கத்துக் கவிஞர்கள், சிங்களத்தில் பாடும் ஒருவர், எல்லோருக்கும் இடம் வேண்டும். ஒரு கூத்துக் குழு மேடையேறினால் அந்த ஊர் முழுக்கப் பார்க்கிறது, ஊர் பார்த்தால் ஊர்க் காசு வருகிறது.

அறிவிப்பாளர் நால்வர் வேண்டும், இருவர் இருவராக. ஒருவரே பதினொரு மணிநேரம் பேசினால் ஏழாவது மணியில் உளறத் தொடங்குவார்.

நோயாளரையோ பிள்ளைகளையோ திரையில் காட்டுவதானால் எழுத்தில் சம்மதம், பிள்ளை என்றால் பெற்றோர் கையெழுத்து. 2022ஆம் ஆண்டின் 9ஆம் இலக்கத் தனிப்பட்ட தரவுப் பாதுகாப்புச் சட்டம் உடல்நலத் தகவலை விசேட வகையாகவே பார்க்கிறது. சட்டம் ஒருபுறம் இருக்க, அழுகிற பிள்ளையின் முகத்தை அண்மையில் காட்டி நன்கொடை கேட்பது எனக்கு ஒவ்வாது. குணமானவர் ஒருவர் நேரில் வந்து பேசினால் அதைவிடக் கூடுதலாகக் காசு வரும்.

7. நேரலைத் தொழில்நுட்பத்தில் மூன்று பொறிகள்

யூடியூப் கணக்கில் நேரலை வசதியை முதல்முறை திறக்க 24 மணிநேரம் வரை ஆகலாம். கைப்பேசியிலிருந்து நேரலை போக 50 சந்தாதாரர்களாவது வேண்டும். ஆகவே அலைவரிசையை ஒரு மாதம் முன்பே தொடங்கி, சோதனையும் செய்து பாருங்கள்.

இரண்டாவது, பதிவேற்ற வேகம். "எங்களிடம் பைபர் இருக்கு" என்று மண்டபக்காரர் சொல்வது பதிவிறக்க வேகத்தை. தெளிவான படத்துக்கு 6 எம்பிபிஎஸ் (வினாடிக்கு 6 மெகாபிட்) பதிவேற்றம் வேண்டும், இடைஞ்சலுக்கு இடம் விட்டு அதன் இரட்டிப்பைக் கேளுங்கள். வேகத்தைச் சோதிப்பது ஒரு சனிக்கிழமை இரவில் இருக்கட்டும், திங்கள் காலையில் எல்லா இடத்திலும் வேகம் இருக்கும். மாற்று வழிக்கு வேறொரு நிறுவனத்தின் 4ஜி இணைப்பு. ஜெனரேட்டர் ஒன்று ஓடிக்கொண்டிருக்க, இன்னொன்று பக்கத்தில் நிற்கட்டும்.

மூன்றாவது, பாட்டுரிமை. மேடையில் பாட்டுப் பாட அனுமதிக் கட்டணம் இருக்கலாம், உரிமைச் சங்கத்திடம் எழுதிக் கேளுங்கள். அதைவிட ஆபத்து இணையத்தில். சினிமாப் பாட்டின் மூல இசைத் தடத்தையோ கரோக்கியையோ ஒலிக்கவிட்டால் யூடியூபின் தானியங்கிச் சோதனை கண்டுபிடித்து, நேரலையையே நிறுத்திவிடலாம். நேரடி இசைக்குழு வாசித்தால் ஆபத்து குறையும், முற்றாகப் போகாது. இடைவேளைக்கு உள்ளூர் இசையமைப்பாளரிடம் புதிதாக இசை செய்து வாங்கிக்கொள்ளுங்கள்.

8. தொலைபேசி மேசை

இதுதான் நிகழ்ச்சியின் வயிறு. ஒரே இலக்கத்துக்கு வரும் அழைப்புகள் பல தொலைபேசிகளுக்குப் பிரிந்து போகும் வசதியைத் தொலைபேசி நிறுவனத்திடம் கேளுங்கள். அதற்கு மாதக்கணக்கில் எடுக்கலாம், முதலிலேயே விண்ணப்பியுங்கள். வெளிநாட்டவருக்கு வாட்ஸ்அப் இலக்கம் தனியாக.

தொண்டர்களை இரண்டு மணிநேரத்துக்கு ஒருமுறை மாற்றுங்கள். ஒவ்வொரு வேளையிலும் சிங்களம் பேசக்கூடிய ஒருவராவது இருக்கவேண்டும். படிவத்தில் இவ்வளவுதான்: பெயர், தொலைபேசி இலக்கம், ஊர், தொகை, எந்த வழியில் அனுப்புவார், எப்போது, பெயரைத் திரையில் போடலாமா. தொகையைத் திருப்பிச் சொல்லி உறுதிப்படுத்தி, தொலைபேசியை வைத்த ஐந்து நிமிடத்துக்குள் குறுஞ்செய்தி போகவேண்டும். அதில் கணக்கு இலக்கம், வங்கிக் கிளை, அவருக்கான தொடர் இலக்கம். பணம் போடும்போது குறிப்பில் அந்தத் தொடர் இலக்கத்தை எழுதச் சொல்லுங்கள், இல்லாவிட்டால் எந்தப் பணம் யாருடையது என்று பொருளாளர் தலையைப் பிய்த்துக்கொள்வார்.

திரையில் இரண்டு தொகை காட்டுங்கள்: "கிடைத்தது", "வாக்களித்தது". சேர்த்து ஒன்றாகக் காட்டினால் இலக்கம் பெரிதாகத் தெரியும் என்று ஒளிபரப்புக் குழு சொல்லும். விட்டுக்கொடுக்காதீர்கள். ஒன்றாகக் காட்டிய தொகை வங்கிக்கு வராதபோது மிச்சத்தைச் சங்கம் சாப்பிட்டுவிட்டது என்றுதான் ஊர் பேசும். நள்ளிரவில் பகிடிக்கு "பத்து இலட்சம் எழுதுங்கோ" என்று சொல்லும் பெடியன்களும் வருவார்கள். ஓர் இலட்சத்துக்கு மேல் சொன்னால் திருப்பி அழைத்து உறுதிப்படுத்தாமல் திரையில் ஏற்றவேண்டாம்.

கைக்காசு கொண்டுவருபவர்களுக்கு இலக்கமிட்ட பற்றுச்சீட்டுப் புத்தகம், இருவர் எண்ணி இருவரும் கையெழுத்து. இரவு வங்கி இல்லை, ஆகவே பூட்டுப்பெட்டி எங்கே, யாரோடு என்பதை முதலே முடிவு செய்யுங்கள்.

9. செலவு

விலைகள் மாதத்துக்கு மாதம் மாறுவதால் தொகை எழுதவில்லை. எதை எந்த அலகில் கேட்பது என்று தெரிந்தால் ஏமாறமாட்டீர்கள். மேடை, ஒலி, ஒளி: நாளுக்கு, ஏற்றி இறக்கும் கூலியோடு சேர்த்து. ஜெனரேட்டர்: மணிக்கு, டீசல் உட்பட. எல்ஈடி திரை: சதுர அடிக்கு. கமெரா: ஆளோடு சேர்த்து வேளைக்கு. எல்லாவற்றுக்கும் மூன்று விலைமனு எழுத்தில்.

நன்கொடையிலிருந்து ஒரு ரூபாவும் செலவுக்குப் போகாமல், முழுச் செலவையும் அனுசரணையாளரிடமே வாங்குவதுதான் என் அபிப்பிராயம். "நீங்கள் தரும் காசு முழுவதும் கருவிக்கே" என்று அறிவிப்பாளர் உண்மையாகச் சொல்ல முடிந்தால் தொலைபேசி இன்னொரு மாதிரி அடிக்கும். செலவுக்குப் போதிய அனுசரணை ஆறு வாரம் முன்புவரை கிடைக்கவில்லை என்றால் நிகழ்ச்சியைச் சுருக்குங்கள். முதலில் வெட்டவேண்டியது எல்ஈடி திரை, கடைசியில் வெட்டவேண்டியது தொலைபேசி மேசை. அனுசரணையாளருக்கு வரிச்சலுகை ஆசை காட்டுமுன் கணக்காளரைக் கேளுங்கள். அங்கீகாரம் பெற்ற தரும நிறுவனத்துக்குக் கொடுத்தால்தான் வரிக் கழிவு, அதற்கும் உச்சவரம்பு உண்டு: தனி ஆளுக்கு ஆண்டுக்கு 75,000 ரூபா, கம்பனிக்கு 5 இலட்சம் ரூபா, அல்லது வரிக்குரிய வருமானத்தில் குறிப்பிட்ட பங்கு, எது குறைவோ அது.

10. வெளிநாட்டுக் காசு

கோஃபண்ட்மீ என்ற இணைய நிதி திரட்டும் தளம் இலங்கை வங்கிக் கணக்குக்குப் பணம் அனுப்பாது. ஆகவே லண்டனில் உள்ள ஒரு தம்பியின் பெயரில் திறப்போம் என்று யாராவது சொல்வார்கள். அந்தத் தம்பிக்குத்தான் பிறகு வங்கியிலும் உறவுக்குள்ளும் தலையிடி. அங்கேயே பதிவுள்ள தரும நிறுவனம் ஒன்றோடு உடன்படிக்கை செய்யுங்கள். பிரித்தானியாவில் வரி கட்டுபவர் அப்படிப்பட்ட நிறுவனத்துக்குக் கொடுத்தால், கிஃப்ட் எய்ட் என்ற வரித் திட்டம் மூலம் ஒவ்வொரு பவுணுக்கும் மேலாக 25 பென்ஸ் அரசிடமிருந்து அந்த நிறுவனத்துக்குக் கிடைக்கும். கனடாவில் பதிவுள்ள நிறுவனம் வரிப் பற்றுச்சீட்டுக் கொடுக்கும். அந்த நிறுவனங்கள் உங்கள் பதிவு, முதல் படியில் வாங்கிய ஆஸ்பத்திரிக் கடிதம், விலைமனு எல்லாவற்றையும் கேட்கும். நேராக உங்கள் கணக்குக்கு அனுப்புபவருக்கு வங்கியின் ஸ்விஃப்ட் குறியீடும் (வெளிநாட்டுப் பரிமாற்றத்தில் வங்கியை அடையாளம் காட்டும் குறியீடு) சங்கத்தின் பெயர் ஆங்கிலத்தில் கணக்கில் உள்ளபடியே எழுத்துக்கு எழுத்தும் தேவை. ஓர் எழுத்துப் பிசகினால் பணம் திரும்பிப் போகும், கட்டணம் திரும்பாது.

11. முடிந்த மறுநாள் முதல்

ஞாயிற்றுக்கிழமை தூங்குங்கள். திங்கட்கிழமை காலை வாக்களித்தவர்களின் பட்டியலை வங்கிக் கூற்றோடு ஒப்பிடத் தொடங்குங்கள். பணம் வந்தவர்களுக்கு அன்றைக்கே நன்றிச் செய்தியும் பற்றுச்சீட்டும். வராதவர்களுக்கு மூன்றாம் நாள் ஒரு குறுஞ்செய்தி, பத்தாம் நாள் ஒரு தொலைபேசி அழைப்பு, மாதக் கடைசியில் சம்பளத்துக்குப் பிறகு இன்னொன்று. அதோடு விட்டுவிடுங்கள். கடன் கேட்பதுபோல் கேட்காதீர்கள், "இலக்கம் தவறிப்போயிருந்தால் மறுபடி அனுப்புகிறேன்" என்று தொடங்கினால் போதும். அழைப்பவர் அன்றிரவு மேசையில் இருந்த தொண்டராகவே இருந்தால் நல்லது.

இரண்டு மாதம் கழித்து இறுதிக் கணக்கு. பட்டயக் கணக்காளர் ஒருவரின் கையெழுத்தோடு வரவு, செலவு, வாக்களித்து வராதது என்று மூன்று வரியும் தெரியும்படி வெளியிடுங்கள். பதிவு செய்த அலுவலகத்துக்கு ஒரு பிரதி, அனுசரணையாளருக்கு ஒன்று, தொலைக்காட்சிக்கு ஒன்று, வெளிநாட்டு நிறுவனத்துக்கு ஒன்று. கருவிக்கான கட்டணத்தை விற்பனையாளர் பெயருக்குக் காசோலையாகவே எழுதுங்கள், யார் கையிலும் காசாகக் கொடுக்காதீர்கள். ஒப்படைக்கும்போது தொடர் இலக்கம், உத்தரவாதக் காலம், பராமரிப்பு ஒப்பந்தம் ஆகியவற்றைக் குறித்து வைத்தியசாலையின் கையெழுத்து வாங்கிக் கோப்பில் போடுங்கள். பாவனைப் பொருள்களுக்கு ஒதுக்கிய காசு மீதமிருந்தால், அது முடியும்வரை அந்தத் தனிக் கணக்கை மூடவேண்டாம்.